வாசலில் நிற்கும் வசூல் முகவரும் வீட்டுக்குள் இருக்கும் கணவன் மனைவியும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கடன் வசூல் முகவர்களின் அத்துமீறல் பற்றிய செய்திகள் நாளிதழ்களில் அடிக்கடி வருகின்றன. அடித்தார்கள், வண்டியைப் பிடுங்கிக்கொண்டு போனார்கள், அவமானம் தாங்காமல் ஒருவர் தவறான முடிவெடுத்தார் என்னும் அளவுக்கு விஷயம் முற்றிய பிறகுதான் அது செய்தியாகிறது. மிரட்டல் எதுவும் இல்லாமல், குரலைக்கூட உயர்த்தாமல், சிறிது நேரம் வாசலில் நின்று பேசிவிட்டுப் போகிற ஒரு முகவரால் ஒரு கணவனுக்கும் மனைவிக்கும் இடையே என்ன நேர்கிறது என்பதைப் பற்றி அநேகமாக யாரும் எழுதுவதில்லை. பொதுத்துறை வங்கி ஒன்றின் கடன் பிரிவில் நெடுங்காலம் வேலை பார்த்து ஓய்வுபெற்றவள் நான். இப்போது எங்கள் குடியிருப்போர் சங்கத்தில், வங்கிகளுக்கும் நிதி நிறுவனங்களுக்கும் புகார் மனு எழுத வழி தெரியாமல் வருகிறவர்களுக்கு உதவி வருகிறேன். அப்படி வருகிறவர்களில் பலர் வட்டிக் கணக்கைப் பற்றிப் பேசத் தொடங்கி, பாதியிலேயே குடும்பத்தைப் பற்றிப் பேசத் தொடங்கிவிடுவதைப் பார்த்ததால்தான் இக்கடிதத்தை எழுதுகிறேன்.

அவர்கள் சொல்வதைச் சேர்த்துப் பார்த்தால், முகவரின் வருகை ஏறத்தாழ ஒரே மாதிரியாக இருக்கிறது. கணவர் வேலைக்குக் கிளம்பிப் போன முற்பகல் வேளையில் அழைப்பு மணி அடிக்கிறது. வந்திருப்பவரின் கழுத்தில் நாடா தெரிகிறது. அதன் நுனியிலுள்ள அடையாள அட்டை சட்டைப் பைக்குள் செருகப்பட்டிருக்கிறது. "சார் இருக்காங்களா மேடம்?" என்கிறார். இல்லை என்று சொன்னதும் போய்விடுவதில்லை. "நீங்க அவரோட வைஃபா?" என்பது அடுத்த கேள்வி. ஆமாம் என்ற பதில் கிடைத்ததும் கையிலுள்ள தாளைப் பார்த்துக் கணவரின் முழுப் பெயரையும் நிலுவைத் தொகையையும் படிக்கிற பாவனையில் சற்று உரக்கவே சொல்கிறார். "ரெண்டு டியூ பெண்டிங் மேடம், உங்களுக்குத் தெரியாதா? சார் சொல்லலையா?" என்று வியப்போடு கேட்கிறார். அந்த வியப்பு தொழில் பழக்கத்தால் வருவது. எதிர்வீட்டுக் கதவு பாதி திறந்திருப்பதை அந்தப் பெண் அப்போதுதான் கவனிக்கிறார். முகவர் அதை முன்பே கவனித்திருப்பார். போகும்போது, "நீங்க ஒரு வார்த்தை சொன்னா சார் கேட்பாரு மேடம்" என்று பணிவாகச் சொல்லிவிட்டுப் போகிறார்.

இதில் புகாராக எழுதக்கூடிய குற்றம் எது என்று என்னிடம் கேட்டவர்கள் உண்டு. வசைச்சொல் இல்லை, கைநீட்டல் இல்லை, நேரம் தவறி வந்ததும் இல்லை. ஆனால் அந்தப் பத்து நிமிடத்தின் நோக்கம் தவணையை வாங்குவதாக இருந்ததில்லை என்பதை, வசூல் பிரிவின் மேசையை ஓரளவு அறிந்தவள் என்ற முறையில் என்னால் சொல்ல முடியும். கணவர் வீட்டில் இல்லாத நேரத்தில், கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போடாத மனைவியிடம் தவணைப் பணம் கிடைக்காது என்பது வருகிறவருக்குத் தெரியும். தனிநபர் கடனுக்கு வீட்டுப் பத்திரமோ நகையோ பிணையாக இல்லை. பறிமுதல் செய்வதற்கு எதுவும் இல்லாத அந்தக் கடனுக்கு வீட்டின் நிம்மதியைத்தான் அடமானமாகப் பிடித்துவைக்கிறார்கள். மாலையில் கணவர் வீடு திரும்பும்போது மனைவி எப்படிக் கேட்பார், அந்தக் கேள்விக்கு அஞ்சி அவர் மறுநாளே எங்காவது புரட்டிக் கட்டுவாரா என்பதுதான் கணக்கு.

மாலையில் நடப்பதைப் பற்றியும் கேட்டிருக்கிறேன். தொகையைப் பற்றிய சண்டை பெரும்பாலும் ஒரே இரவில் ஓய்ந்துவிடுகிறது. வாங்கிய காரணம் பல வீடுகளில் நியாயமானதாகவே இருக்கிறது: தங்கையின் திருமணம், தந்தையின் அறுவைச் சிகிச்சை, சில வேளைகளில் மனைவியின் பிரசவச் செலவே கூட. ஓயாதது வேறொன்று. "இத்தனை மாதமாக என் பக்கத்தில் படுத்துக்கொண்டு இதை எப்படிச் சொல்லாமல் இருந்தீர்கள்?" என்ற கேள்விக்குக் கணவரிடம் பதில் இருப்பதில்லை. அதற்குப் பிறகு மனைவி கடந்த காலத்தை ஒவ்வொரு மாதமாகத் திருப்பிப் பார்க்கத் தொடங்குகிறார். சம்பளம் தாமதம் என்று சொன்ன மாதம், நண்பருக்கு உடம்பு சரியில்லை என்று இரவில் வெளியே போன நாள், கைப்பேசியை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போய்ப் பேசிய பேச்சு எல்லாம் இப்போது வேறு பொருள் கொள்கின்றன. கடனோடு தொடர்பே இல்லாதவையும் அந்தச் சந்தேகத்தில் சேர்ந்துகொள்கின்றன. ஒரு பெண்மணி தன் கணவரின் வங்கிக் கணக்கு அறிக்கையை அச்செடுத்து, தனக்குப் புரியாத ஒவ்வொரு வரியின் கீழும் பென்சிலால் கோடிட்டு என்னிடம் கொண்டுவந்தார். அவற்றில் பாதிக்கு மேல், கணக்கில் பணமில்லாமல் தவணை திரும்பியதற்காக வங்கி பிடித்த அபராதமும் அதன் மீதான வரியுமாக இருந்தன. நான் ஒவ்வொன்றாக விளக்கி முடித்த பிறகும், "அப்ப இதுல வேற எதுவும் இல்லைங்களா?" என்று இரண்டு முறை கேட்டார். கணக்கு அறிக்கையில் அவர் தேடிக்கொண்டிருந்தது பணத்தை இல்லை.

மனைவியிடம் மறைத்தது கணவரின் தவறுதானே, உண்மையைச் சொன்ன முகவரைக் குறை சொல்வானேன் என்று சிலர் கேட்கக்கூடும். மறைத்தது தவறுதான், அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. வீட்டு வருமானத்திலிருந்து போகிற கடனைத் தெரிந்துகொள்ளும் உரிமை மனைவிக்கு உண்டு. ஆனால் அந்த உரிமையை நிறைவேற்றுவதற்காக முகவர் வரவில்லை. உண்மையைச் சொல்வதுதான் நோக்கம் என்றால், அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, அபராதம் எவ்வளவு, தவணையைக் குறைத்துக் காலத்தை நீட்டிக்க வழி உண்டா என்பதையும் அவர் சொல்லியிருக்க வேண்டும். அதையெல்லாம் கேட்டால், "அதெல்லாம் பிராஞ்ச்ல கேளுங்க மேடம்" என்கிறார். அச்சமூட்டும் பாதி மட்டும் வாசலில் சொல்லப்படுகிறது. ஆறுதல் தரக்கூடிய பாதி கிளை அலுவலகத்தில் இருக்கிறது. தவிர, கணவர் தானே சொல்லத் தயாராகிக்கொண்டிருந்த வீடுகளும் உண்டு. ஊக்கத்தொகை வரட்டும், ஒரு தவணையாவது கட்டிவிட்டுச் சொல்லலாம் என்று அவர் நாள் பார்த்துக்கொண்டிருந்திருப்பார். அந்த வாய்ப்பை மூன்றாம் மனிதர் ஒருவர் வாசலிலேயே பறித்துவிட்ட பிறகு, கணவர் எவ்வளவு உண்மையாகப் பேசினாலும் அகப்பட்டுக்கொண்டவரின் பேச்சாகவே அது கேட்கப்படுகிறது.

விதி இதைப் பற்றிப் பேசாமல் இல்லை. இந்திய ரிசர்வ் வங்கி 2022 ஆகஸ்ட் 12 அன்று வெளியிட்ட அறிவிப்பில், கடன் வாங்கியவரைப் பொதுவில் அவமானப்படுத்துவதும், அவருடைய குடும்பத்தினர், நண்பர்கள், கடன் விண்ணப்பத்தில் அவர் குறிப்பிட்ட அறிமுகதாரர்கள் ஆகியோரின் அந்தரங்கத்தில் தலையிடுவதும் கூடாது என்றும், காலை 8 மணிக்கு முன்பும் இரவு 7 மணிக்குப் பின்பும் கடன் வசூலுக்காக அழைக்கக் கூடாது என்றும் தெளிவாகக் கூறியிருக்கிறது. இவற்றில் நேரக் கட்டுப்பாட்டை எல்லோரும் அறிந்திருக்கிறார்கள். பத்திரிகைகளும் அதையே தலைப்பாகப் போட்டன. கடிகாரத்தைக் கொண்டு அளக்கக்கூடிய விதி என்பதால் நிறுவனங்களும் அதைப் பெரும்பாலும் கடைப்பிடிக்கின்றன. குடும்பத்தினரின் அந்தரங்கம் பற்றிய பகுதிக்கு அப்படியொரு அளவுகோல் தரப்படவில்லை. கதவைத் திறந்த மனைவியிடம் முகவர் எதைச் சொல்லலாம், எதைச் சொல்லக்கூடாது என்பதை அந்த அறிவிப்பு விரித்துரைக்கவில்லை. முற்பகல் 11 மணிக்கு வந்து, பணிவான குரலில், கடனோடு சட்டப்படி எந்தத் தொடர்பும் இல்லாத ஒருவரிடம் கடன் விவரம் முழுவதையும் சொல்லிவிட்டுப் போகிறவர் தாம் விதிக்கு உட்பட்டே நடந்ததாகச் சொல்லிக்கொள்ள முடிகிறது.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. கடனையும் கடன் அட்டையையும் விற்பதற்காகத் தொலைபேசியில் அழைக்கும் நேரடி விற்பனை முகவர்களுக்காக இந்திய வங்கிகள் சங்கம் வகுத்த மாதிரி நடத்தை விதிகளில், அழைக்கப்பட்டவர் இல்லாமல் வீட்டில் வேறொருவர் எடுத்தால், இன்னார் அழைத்தார், திரும்ப அழைக்கச் சொல்லுங்கள் என்ற அளவோடு நிறுத்திக்கொள்ள வேண்டும் என்று இருக்கிறது. கடன் கொடுப்பதற்கு முன்னால் இவ்வளவு நாகரிகம் காட்டத் தெரிந்தவர்களுக்குக் கொடுத்த பிறகும் அதைக் காட்டத் தெரிந்திருக்க வேண்டும். அதே சங்கம் கடன் வசூலுக்கு வகுத்த மாதிரி நெறிமுறையிலும் ஒரு நல்ல வரி உண்டு: கடன் வாங்கியவரை அவர் விரும்பும் இடத்தில்தான் வழக்கமாகச் சந்திக்க வேண்டும், அவர் எந்த இடத்தையும் குறிப்பிடாதபோதே வீட்டுக்கு வர வேண்டும். அப்படியொரு இடத்தைக் குறிப்பிடும் உரிமை தமக்கு இருப்பதை அறிந்த ஒருவரைக்கூட என் பணிக்காலத்தில் நான் சந்தித்ததில்லை. கட்டுக்கட்டான தாள்களில் கையெழுத்து வாங்கும்போது இந்த ஒரு வரியை யாரும் படித்துக் காட்டுவதில்லை.

கடனே வாங்காத வீட்டிலும் இந்த வருகை என்ன செய்யும் என்பதற்கு ஒரு நிகழ்வைச் சொல்ல வேண்டும். அலுவலகத்தில் உடன் வேலை பார்க்கும் ஒருவர் தன் கடன் விண்ணப்பத்தில் அறிமுகதாரர் என்ற இடத்தில் சக ஊழியரான ஒரு பெண்ணின் பெயரையும் எண்ணையும், அவரிடம் கேட்காமலேயே எழுதிக் கொடுத்துவிட்டார். பிறகு கடன் வாங்கியவர் வேலையை விட்டுப் போய், தவணையையும் நிறுத்தியிருக்கிறார். முகவர் அந்தப் பெண்ணின் வீட்டைத் தேடி வந்தபோது அவர் இல்லை, கணவர் இருந்தார். "உங்க மிஸஸுக்கு அவரு ரொம்பத் தெரிஞ்சவரு சார், அவங்க பேரைத்தான் குடுத்திருக்காரு, இப்ப எங்க இருக்காருன்னு அவங்களுக்குத் தெரிஞ்சிருக்கும்" என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார் முகவர். அறிமுகதாரர் என்பவர் ஜாமீன்தாரர் இல்லை. அந்தப் பெண் ஒரு ரூபாய்க்கும் பொறுப்பில்லை. கணவர் அவ்வளவு சந்தேகப்படுகிற மனிதரும் இல்லை. ஆனாலும், இத்தனை பேர் இருக்க உன் பெயரை ஏன் கொடுத்தான் என்ற கேள்வி அந்த வீட்டில் எழுந்துவிட்டது. அதற்கு அந்தப் பெண் எத்தனை முறை பதில் சொன்னாலும், பதில் சொல்ல வேண்டியிருப்பதே அவருக்குக் கூசுகிறது. என்னிடம் புகார் மனு எழுத வந்தபோது கணவரும் கூடவே வந்திருந்தார். அவரைப் பற்றி நல்லதாக நினைக்க எனக்கு அது ஒரு காரணம். மனுவில் அறிமுகதாரரின் அந்தரங்கம் பற்றிய ரிசர்வ் வங்கியின் வாசகத்தை அப்படியே எடுத்து எழுதினோம். நிறுவனத்திடமிருந்து வருத்தம் தெரிவிக்கும் கடிதம் ஒன்று வந்தது. அதில் கணவரின் பெயரைத் தவறாக அச்சிட்டிருந்தார்கள்.

நுண்கடன் வாங்கிய பெண்களின் நிலை இன்னும் கடினமானது. ஆண்டு வருமானம் 3 லட்சம் ரூபாய் வரையுள்ள குடும்பங்களுக்குப் பிணையின்றிக் கொடுக்கப்படும் இக்கடன்களைப் பெரும்பாலும் பெண்கள் பெயரிலேயே குழுவாகக் கொடுக்கிறார்கள். கணவரின் ஆதார் நகலும் புகைப்படமும் வாங்கிக்கொண்டு கொடுப்பது நடைமுறைதான் என்றாலும், நகலைக் கொடுத்த கணவருக்குக் கடன் எவ்வளவு, எத்தனை நிறுவனத்தில் என்பதெல்லாம் தெரிந்திருக்கும் என்று சொல்வதற்கில்லை. முதல் கடனை அடைக்க வாங்கிய இரண்டாவது கடன் பெரும்பாலும் மனைவிக்கு மட்டும் தெரிந்த கடனாகவே இருக்கும். ரிசர்வ் வங்கி 2022 மார்ச்சில் வெளியிட்ட நுண்கடன் வழிகாட்டுதல்கள், தவணையை இரு தரப்பும் ஒப்புக்கொண்ட பொது இடத்தில்தான் வசூலிக்க வேண்டும் என்றும், அடுத்தடுத்து இரண்டு முறையோ அதற்கு மேலோ அங்கே வராதபோதுதான் வீட்டுக்கோ வேலையிடத்துக்கோ போகலாம் என்றும், காலை 9 மணிக்கு முன்பும் மாலை 6 மணிக்குப் பின்பும் அழைத்துத் தொல்லை தரக்கூடாது என்றும், உறவினர்களையும் உடன் வேலை செய்பவர்களையும் துன்புறுத்தக் கூடாது என்றும் சொல்கின்றன. நடப்பது என்னவென்றால், ஒரு தவணை தவறினாலே களப்பணியாளர் வீட்டுத் திண்ணையில் வந்து உட்கார்ந்துவிடுகிறார். குழுவிலுள்ள மற்றப் பெண்களையும் அழைத்து வந்து உட்கார வைக்கிறார். கணவர் வந்துவிடுவாரே என்று அந்தப் பெண் பதறுவதுதான் அவருக்கு வேண்டியது. "அண்ணன் வரட்டும், அவர்கிட்டயே கேட்டுக்கிறேன்" என்ற வாக்கியம் எல்லா நிறுவனங்களின் பணியாளர்களிடமும் ஒரே மாதிரி இருப்பதிலிருந்து, அது தற்செயலாக வாயில் வந்த வாக்கியமாக இருக்க முடியாது என்றே நினைக்கிறேன். ஆணிடம் மனைவியின் வருத்தத்தைக் காட்டி வசூலிக்கிறார்கள். பெண்ணிடம் கணவனின் கையைக் காட்டி வசூலிக்கிறார்கள். இரண்டாவதன் விளைவு சண்டையோடு நிற்பதில்லை.

கடன் கொடுத்தவர்களின் பக்கத்தையும் நான் அறிவேன். வங்கி கொடுப்பது பொதுமக்களின் வைப்புத்தொகை. தவணை தவறி 90 நாள்களைக் கடந்தால் அது வாராக்கடனாகிறது. என் பணிக்காலத்தின் இறுதியில், பிணையில்லாத கடன் அந்த நிலைக்குப் போனதுமே நிலுவையில் 25 சதவீதத்துக்குச் சமமான தொகையை வங்கி தன் லாபத்திலிருந்து ஒதுக்கிவைக்க வேண்டியிருந்தது. எனவே அந்த 90 நாள்கள் நிறைவதற்கு முந்தைய ஒரு மாதத்தில்தான் நெருக்கடி உச்சத்தில் இருக்கும். முகவர் நிறுவனங்களுக்கு வசூலான தொகையில் விகிதம் வைத்துக் கட்டணம் கொடுப்பது வழக்கம். வாசலில் நிற்கும் இளைஞரின் மாத வருமானமும் அதைப் பொறுத்ததே. அவரை வில்லனாக்கி எழுதுவது எளிது. அவரும் எங்கோ ஒரு தவணை கட்டிக்கொண்டிருப்பவராகவே இருப்பார். வேண்டுமென்றே ஏமாற்றுகிறவர்களும் இருக்கிறார்கள்; அவர்களைத் தேடி வீட்டுக்குப் போகத்தான் வேண்டியிருக்கும். அதையெல்லாம் ஒப்புக்கொண்ட பிறகும், வசூலிப்பதற்குச் சட்டம் கொடுத்துள்ள வழிகளில் மனைவியிடம் கோள் சொல்வது என்று ஒரு வழி இல்லை. அடியாட்களை வைத்து வசூலிப்பதை 2007இல் உச்ச நீதிமன்றம் கண்டித்தபோது, சட்டப்படியான நடைமுறைகளின் வழியாக மட்டுமே கடனை மீட்க வேண்டும் என்றுதான் சொன்னது.

இந்த நாட்டின் சட்டம் கணவன் மனைவி பேச்சுக்குக் கொடுத்துள்ள இடத்தையும் எண்ணிப் பார்க்கலாம். 1872ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்தின் 122ஆம் பிரிவு, மண வாழ்வின்போது ஒருவர் தம் துணையிடம் சொன்னதை வெளியிடும்படி அந்தத் துணையை நீதிமன்றத்தில்கூடக் கட்டாயப்படுத்த முடியாது என்றது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய சாக்ஷிய அதிநியத்தில் அதே பாதுகாப்பு 128ஆம் பிரிவாகத் தொடர்கிறது. ஒருவருக்கொருவர் தொடுத்த வழக்கு, ஒருவர் மற்றவருக்கு எதிராகச் செய்த குற்றம் போன்ற விலக்குகள் உண்டு. கணவன் மனைவி பேசிக்கொண்டதை நீதிபதியே எளிதில் கேட்டுவிட முடியாத இந்த நாட்டில், அவர்கள் இன்னும் பேசிக்கொள்ளாத ஒன்றைத் தாள் ஒன்றைக் கையில் வைத்திருக்கும் எவரும் வாசலில் நின்று சொல்லிவிட்டுப் போகலாம் என்பது பொருந்தவில்லை.

இப்படிப்பட்ட வருகையை எதிர்கொள்ளும் இல்லத்தரசிகளுக்கும் வேலைக்குப் போகும் பெண்களுக்கும் சிலவற்றைத் தெரிவிக்க உங்கள் பத்திரிகை உதவ வேண்டும். கணவர் பெயரிலுள்ள கடனுக்கு, இணைக் கடனாளியாகவோ ஜாமீன்தாரராகவோ கையெழுத்துப் போடாத மனைவி பொறுப்பாக மாட்டார். கணவரைப் பொறுத்தும் அப்படியே. கணவர் இறந்துவிட்டால்கூட, அவரிடமிருந்து வந்த சொத்தின் அளவுக்குத்தான் வாரிசுகளிடம் கேட்க முடியும். வந்திருப்பவரிடம் அடையாள அட்டையையும் வங்கி கொடுத்த அதிகாரக் கடிதத்தையும் கேட்டுப் பார்க்கலாம். அவற்றை முகவர் உடன் கொண்டுவர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2008 ஏப்ரலிலேயே கூறிவிட்டது. அதே வழிகாட்டுதலின்படி, எந்த முகவர் நிறுவனத்துக்கு அந்தக் கடன் ஒப்படைக்கப்பட்டிருக்கிறது என்பதை வங்கி முன்கூட்டியே கடன் வாங்கியவருக்குத் தெரிவித்திருக்க வேண்டும். புகார் ஒன்று நிலுவையில் இருந்தால் அது தீரும்வரை பொதுவாகக் கடனை முகவரிடம் அனுப்பக் கூடாது. "இது என் கணவரின் கணக்கு, அவரிடம் பேசுங்கள், என்னிடம் விவரம் சொல்ல வேண்டாம்" என்று சொல்லிக் கதவைச் சாத்துவதில் மரியாதைக் குறைவு எதுவும் இல்லை. பிறகு எழுத்தில் புகார் கொடுக்க வேண்டும். நிறுவனம் 30 நாள்களுக்குள் பதில் தராவிட்டாலோ, தந்த பதில் திருப்தியாக இல்லாவிட்டாலோ, ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளருக்குக் கட்டணம் ஏதுமின்றி எழுதலாம். 2021 நவம்பரில் தொடங்கப்பட்ட ஒருங்கிணைந்த குறைதீர்ப்புத் திட்டத்தில் மன உளைச்சலுக்கென்றே தனியாக 1 லட்சம் ரூபாய் வரை இழப்பீடு வழங்க இடமிருந்தது என்பது பலருக்குத் தெரியாது. கந்துவட்டிக்காரர்களிடமும் பதிவில்லாத செயலிகளிடமும் சிக்கியவர்களுக்கு அந்த வழி இல்லை. அவர்கள் காவல் நிலையத்துக்குத்தான் போக வேண்டும். தமிழ்நாடு சட்டமன்றம் 2025 ஏப்ரலில் கட்டாயக் கடன் வசூலைத் தடுக்க நிறைவேற்றிய சட்டம் அவர்களுக்கு உதவக்கூடும்.

கணவன்மார்களுக்குச் சொல்ல எனக்கு அதிகம் இல்லை. முதல் தவணை திரும்பிய அன்று வங்கியிலிருந்து வரும் குறுஞ்செய்திக்கும் முகவர் வீட்டுக்கு வருவதற்கும் இடையே பொதுவாகச் சில வாரங்கள் இருக்கின்றன. சொல்ல வேண்டியதைச் சொல்வதற்கான காலம் அதுதான். ஒரே மேசையில் உட்கார்ந்து இருவருமாகக் கணக்குப் பார்த்துவிட்டு, கிளைக்கும் இருவருமாகப் போய்த் தவணைக் காலத்தை நீட்டிக்கக் கேட்ட தம்பதிகளுக்கு மேலாளர்கள் மறுத்ததை நான் அரிதாகவே பார்த்திருக்கிறேன். இரண்டு பேர் வந்து கேட்கும்போது கடன் திரும்பி வரும் என்ற நம்பிக்கை மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவருக்கும் வருகிறது.

ரிசர்வ் வங்கிக்கு உங்கள் பத்திரிகை வழியாக நான் வைக்கும் வேண்டுகோள்கள் பெரிய சட்டத் திருத்தம் எதையும் கேட்கவில்லை. கடன் பத்திரத்தில் கையெழுத்திடாத கணவனோ மனைவியோ அக்கடனைப் பொறுத்தவரை மூன்றாம் நபர் என்று தெளிவாக எழுதப்பட வேண்டும். வீட்டில் கடன் வாங்கியவர் இல்லையென்றால், முகவர் தம் பெயரையும் திரும்ப அழைக்க வேண்டிய எண்ணையும் மட்டும் ஒட்டிய உறையில் விட்டுச் செல்ல வேண்டும், உறையின் மேல் நிறுவனத்தின் பெயரோ கடன் என்ற சொல்லோ இருக்கக் கூடாது. வீட்டுக்கு வரும் நாளையும் நேரத்தையும் குறைந்தது ஒரு வாரம் முன்னதாகக் கடன் வாங்கியவருக்குக் குறுஞ்செய்தியில் தெரிவிப்பதைக் கட்டாயமாக்க வேண்டும். அந்த ஒரு வாரத்தில் பணம் புரளாமல் போகலாம். ஆனால் வீட்டில் பேசுவதற்கு அவகாசம் கிடைக்கும். அறிமுகதாரராக ஒருவரின் பெயரை எழுதினால், அவருக்கு ஒரு குறுஞ்செய்தி அனுப்பி அவருடைய ஒப்புதலைப் பெற்ற பிறகே அதைப் பதிவு செய்ய வேண்டும். கடன் விண்ணப்பத்தின் முதல் பக்கத்திலேயே, "தவணை தவறினால் எங்கே, எந்த நேரத்தில் உங்களைச் சந்திக்கலாம்?" என்று ஒரு கட்டம் இருக்க வேண்டும். தாய்வழிப் பாட்டனாரின் பெயர்வரை கேட்கிற விண்ணப்பங்களை நான் பார்த்திருக்கிறேன். இந்தக் கட்டத்துக்கும் அதில் இடம் இருக்கும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வங்கி அலுவலர் ஒருவர்
(பெயரையும் முகவரியையும் வெளியிட வேண்டாம் எனக் கேட்டுக்கொள்கிறேன்.)